பெயர் என்னும் உபாதி

தட்சிணேசுவரத்தில் ஒருநாள் பகவான் ஸ்ரீராமகிருஷ்ணர், தமக்குப் பணிவிடை செய்துவந்த இளஞ்சீடர் லாட்டுவுக்கு எழுத்துக் கற்பிக்க முற்பட்டார். லாட்டு பீகாரின் சாப்ரா பகுதியைச் சேர்ந்த ஏழைக் குடும்பத்துப் பிள்ளை. கல்கத்தாவில் ராமசந்திர தத்தரின் இல்லத்தில் வேலைக்காரச் சிறுவனாக இருந்து, அங்கிருந்து குருதேவரிடம் வந்து சேர்ந்தவர். வங்க நெடுங்கணக்கின் முதல் மெய்யைக் குருதேவர் வங்காளிகள் ஒலிக்கும் விதத்தில் சொல்லிக் காட்டினார். லாட்டு அதைத் தம் ஊர் வழக்கப்படி 'கா' என்றார். திரும்பத் திரும்பச் சொல்லியும் 'கா'தான் வந்தது. குருதேவர் சிரித்துவிட்டுப் பாடத்தை அத்துடன் நிறுத்திவிட்டார். அந்த லாட்டுவே பின்னர் சுவாமி அத்புதானந்தர் ஆனார். எழுதப் படிக்கத் தெரியாத அவரைக் குருதேவர் நிகழ்த்திய பேரற்புதமாகச் சுவாமிஜி கருதினார்.

ஏட்டுக்கல்வி ஞானத்திற்கு இன்றியமையாதது அன்று என்பதற்கு இந்நிகழ்ச்சியை நாம் எடுத்துக்காட்டுவது வழக்கம். அது சரியே. ஆனால் அண்மைக்காலமாக இதே நிகழ்ச்சி வேறொரு வாதத்திற்கும் துணைக்கு அழைக்கப்படுகிறது. ஒன்பது வயதுப் பிள்ளைக்கு இன்னும் வாசிப்பு வரவில்லை. ஒரு நிபுணரிடம் காட்டுங்கள் என்று ஆசிரியை சொல்கிறார். பெற்றோரோ, "லாட்டு மகராஜ் படித்தாரா? குருதேவருக்கே கணக்கு வரவில்லையே! ரவீந்திரநாதர் எந்தப் பள்ளியில் நிலைத்தார்? எங்கள் குழந்தைக்கு மட்டும் எதற்கு ஒரு முத்திரை?" என்கிறார்கள். பக்தியும் பாசமும் கலந்த இக்கேள்வியைக் கொல்கத்தாவில் அடிக்கடி கேட்க நேர்கிறது. சென்னையிலும் கோவையிலும் இதே கேள்வி வேறு பெயர்களுடன் எழுகிறது.

இவ்வாதம் லாட்டு மகராஜுக்கும் நியாயம் செய்வதில்லை, அந்தக் குழந்தைக்கும் நியாயம் செய்வதில்லை. லாட்டுவிடம் வெளிப்பட்டது கற்றல் குறைபாடு என்று சொல்ல எந்த ஆதாரமும் இல்லை. ஒரு மொழியின் ஒலிப்பழக்கத்தில் வளர்ந்தவர், இளமை கடந்தபின் இன்னொரு மொழியின் ஒலியை எதிர்கொண்டார், அவ்வளவே. குருதேவருக்குச் சிறுவயதில் கணக்கு மனத்தைக் குழப்பியது என்பதும் அப்படித்தான். மறைந்த பெரியோருக்கு இன்றைய மருத்துவப் பெயர்களைச் சூட்டிப் பார்ப்பது சிலருக்குப் பொழுதுபோக்காகிவிட்டது. அது வரலாறும் அன்று, மருத்துவமும் அன்று. ரவீந்திரநாதர் பள்ளியை வெறுத்தது படிக்க இயலாமையால் அன்று. அவருக்கு அந்தப் பள்ளி போதவில்லை. நம் எதிரில் இருக்கும் ஒன்பது வயதுப் பிள்ளையோ படிக்க விரும்புகிறான். இரவு பத்து மணிவரை புத்தகத்துடன் போராடுகிறான். அவனுக்கு முடியவில்லை.

இப்படிப்பட்ட பிள்ளையை மருத்துவ உலகம் முதன்முதலில் கவனமாக விவரித்தது 1896-இல். இங்கிலாந்தின் கடற்கரையூரான சீஃபோர்டில் மருத்துவராக இருந்த பிரிங்கிள் மார்கன், பெர்சி என்ற பதினான்கு வயதுச் சிறுவனைப் பற்றிப் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் எழுதினார். பையன் அறிவுக்கூர்மை உடையவன், விளையாட்டில் சூட்டிகையானவன், கணக்குப் போடுவதில் இடர்ப்பாடு இல்லை, கண்பார்வையில் குறை இல்லை. ஏழு வயதிலிருந்து ஆசிரியர்கள் விடாமல் கற்பித்தும் மிக எளிய சொற்களுக்கு மேல் வாசிக்க வரவில்லை. தன் பெயரையே எழுத்து மாற்றி எழுதினான். அது தவறென்று அவனுக்குத் தெரியவில்லை. பாடமெல்லாம் வாய்மொழியாகவே நடந்தால் இவனே பள்ளியில் முதல்வனாக இருப்பான் என்று அவனுடைய ஆசிரியர் கருதியதையும் மார்கன் பதிவு செய்தார். பெயரில்லாத காலத்தில் அந்தப் பையனுக்குக் கிடைத்திருக்கக்கூடிய பெயர் சோம்பேறி அல்லது மந்தபுத்தி. நாம் குழந்தைக்குப் பெயரே சூட்டாமல் விட்டுவிடுவதாக நினைக்கிறோம். உண்மையில் அவனுக்குப் பெயர்கள் ஏற்கெனவே சூட்டப்பட்டாகிவிட்டன. வகுப்பறையில் ஒன்று, விளையாட்டுத் திடலில் ஒன்று, சில வீடுகளில் உணவு பரிமாறும்போது ஒன்று. கேள்வி பெயர் வேண்டுமா வேண்டாமா என்பதன்று. எந்தப் பெயர், யார் சூட்டுவது, எதற்காக என்பதே.

இது அரிதான நிலையும் அன்று. இந்தியாவில் ஐந்து பகுதிகளில் இரண்டு முதல் ஒன்பது வயதுவரையுள்ள குழந்தைகளிடம் நடத்தி 2018-இல் வெளியிடப்பட்ட ஆய்வு ஒன்று, மூளை நரம்பு வளர்ச்சி தொடர்பான நிலைகளில் ஒன்றேனும் உள்ளவர்கள் நூற்றுக்குச் சுமார் 12 பேர் என்று கணித்தது. ஆட்டிசம், கவனக்குறைவும் மிகைச்செயல்பாடும், வலிப்பு, செவிக்குறை, அறிவு வளர்ச்சிக் குறைபாடு, கற்றல் குறைபாடு முதலிய பல நிலைகள் அதில் அடங்கும். அவர்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவருக்கு ஒன்றுக்கு மேற்பட்ட நிலைகள் இருந்தன. நம் சட்டம் இதை மெல்லத்தான் உணர்ந்தது. 1995-ஆம் ஆண்டுச் சட்டம் ஏழு வகை இயலாமைகளை மட்டுமே ஏற்றிருந்தது. 2016-ஆம் ஆண்டுச் சட்டம் அதை இருபத்தொன்றாக விரித்தபோதுதான் குறிப்பிட்ட கற்றல் குறைபாடும் ஆட்டிசமும் அந்தப் பட்டியலில் இடம்பெற்றன.

மொழிபெயர்ப்பாளன் என்ற முறையில் ஒரு சொல். 'கற்றல் குறைபாடு' என்ற தொடர் எனக்கு முழு நிறைவு தருவதில்லை. 'குறை' என்பது தமிழில் அறிவின் குறையாகவும் குணத்தின் குறையாகவும் ஒலித்துவிடுகிறது. 'கோளாறு' அதனினும் கடுமை. ஆனால் சொல்லை மாற்றிவிட்டால் மனம் மாறிவிடும் என்ற நம்பிக்கையும் எனக்கில்லை. இன்று வசைச்சொல்லாகிவிட்ட 'இடியட்' ஒரு காலத்தில் மருத்துவர்கள் எழுதிய வகைப்பெயர். 'ஸ்பாஸ்டிக்' என்பதும் அவ்வாறே தேய்ந்தது. அச்சொல்லைப் பெயரில் தாங்கிய நிறுவனங்கள் பலவும் அதை நீக்க வேண்டியதாயிற்று. பார்வை மாறாதவரை எந்த நல்ல சொல்லும் நாளடைவில் வசையாகும்.

பெயர்சூட்டலில் உள்ள அபாயத்தை நம் தார்க்கிகர்கள் நன்கு அறிந்திருந்தார்கள். நவத்வீபத்தில் நவ்ய நியாயம் தழைத்த வங்கத்தில் இதை நினைவுகூர்வது பொருத்தமானது. ஒரு பொருளுக்கு இலக்கணம் கூறும்போது மூன்று தோஷங்கள் நேரலாம் என்பார்கள். கபில நிறமுடையது பசு என்றால் வெண்பசு விடுபட்டுப்போகிறது; இது அவ்யாப்தி. கொம்புடையது பசு என்றால் எருமையும் உள்ளே வந்துவிடுகிறது, இது அதிவ்யாப்தி. பிளவுபடாத ஒற்றைக் குளம்புடையது பசு என்றால் எந்தப் பசுவுக்கும் பொருந்தாது; இது அசம்பவம். இன்றைய மருத்துவரின் மேசையில் முதல் இரண்டு தோஷங்களும் அன்றாடம் காத்திருக்கின்றன. ஓடியாடி வகுப்பைக் கலைக்கும் சிறுவன் உடனே கண்ணில் படுகிறான். சன்னலோரம் அமைதியாக அமர்ந்து மனம் எங்கோ அலையும் சிறுமிக்கும் அதே கவனக்குறைவு இருக்கலாம். அவள் யாருக்கும் தொல்லை தராததால் ஆண்டுக்கணக்கில் விடுபட்டுப்போகிறாள். மறுபுறம், ஐந்து வயதில் எழுத்தைத் திருப்பிப் போடும் பிள்ளையை உடனே 'டிஸ்லெக்சியா' என்பது எருமையைப் பசுவாக்குவது. அந்த வயதில் எல்லாக் குழந்தைகளும் சில எழுத்துக்களைத் திருப்பித்தான் போடுகிறார்கள். கற்றல் குறைபாட்டிற்கான சான்றிதழை எட்டு வயதில் தொடங்கவேண்டும், பதினான்கிலும் பதினெட்டிலும் மறுபடி ஆராயவேண்டும் என்று 2018-ஆம் ஆண்டு அரசு நெறிமுறைகள் வகுத்தது இதனால்தான். ஆட்டிசத்தின் நிலை வேறு. தேர்ந்த கண்ணுக்கு அது இரண்டு வயதையொட்டியே தென்படக்கூடும். அங்கே காத்திருப்பது இழப்பு.

அனுபலப்தி என்ற பிரமாணத்தைப் பற்றியும் சொல்லவேண்டும். பாட்ட மீமாம்சகரும் அத்வைதிகளும் இதை ஏற்கிறார்கள். தரையில் குடம் இல்லை என்பதை எப்படி அறிகிறோம்? குடம் காணப்படாமையால். ஆனால் இருளில் குடம் காணப்படவில்லை என்பது குடம் இல்லை என்பதற்குச் சான்றாகாது. இருந்திருந்தால் நிச்சயம் காணப்பட்டிருக்கும் என்ற சூழ்நிலை இருந்தாலன்றிக் காணாமை பிரமாணமாகாது. முதுகலை வகுப்பில் இதைப் படித்தபோது வெறும் வாதநுட்பமாகவே தோன்றும். பேச இயலாத குழந்தை ஒன்றின் எதிரில் அமரும்போதுதான் இதன் கனம் புரியும்.

கொல்கத்தாவில் 1974-இல் டாக்டர் சுதா கௌல் முன்னின்று தொடங்கிய அமைப்பு, இன்று இந்தியப் பெருமூளை வாத நிறுவனமாக விளங்குகிறது. பெருமூளை வாதத்தால் நாவும் கைகளும் வசப்படாத குழந்தைகள், படங்களையும் குறியீடுகளையும் கொண்ட பலகையைச் சுட்டிக்காட்டித் தம் கருத்தைச் சொல்லும் மாற்றுத் தகவல்தொடர்பு முறையை நம் நாட்டில் பரப்பியதில் அதற்குப் பெரும் பங்குண்டு. பேச்சு இல்லை, எனவே அறிவு இல்லை என்று முடிவு கட்டப்பட்ட குழந்தை, கண்ணசைவால் ஒரு படத்தைக் காட்டத் தொடங்கியதும் கேள்வி கேட்கிறது; மறுக்கிறது; கேலியும் செய்கிறது. அறிவு அதுவரை இல்லாமல் இல்லை. நாம் விளக்கேற்றாத அறையில் குடத்தைத் தேடிக்கொண்டிருந்தோம்.

மொழி விஷயத்திலும் இவ்விருள் உண்டு. லேக் மார்க்கெட் பக்கத்துத் தமிழ்க் குடும்பத்துப் பிள்ளைக்கு வீட்டில் தமிழ், தெருவில் வங்காளம், பள்ளியில் ஆங்கிலம், கூடவே ஹிந்தி. பீகாரிலிருந்து வந்த தொழிலாளியின் பிள்ளைக்கும் இதே நிலை. அப்பிள்ளையை ஆங்கிலச் சொற்பட்டியல் ஒன்றால் மட்டும் சோதித்து முடிவு கூறினால், லாட்டுவின் 'கா'வை நோயென்று எழுதியதாகும். எழுத்து முறைகளும் தத்தமக்குரிய தடைகளைக் கொண்டவை. வங்காளத்தில் மூன்று சகரங்களுக்கும் பெரும்பாலும் ஒரே ஒலி. குறில் இகரமும் நெடில் ஈகாரமும் பேச்சில் வேறுபடுவதில்லை. கூட்டெழுத்துக்கள் சில தம் உறுப்பெழுத்துக்களின் சாயலையே இழந்தவை. தமிழில் ககரம் இடத்திற்கேற்ப ஒலி மாறும். இரு மொழிகளிலும் எகரக் குறி மெய்க்கு முன்னால் எழுதப்பட்டுப் பின்னால் ஒலிக்கிறது. எழுத்தையும் ஒலியையும் இணைப்பதே கடினமாக உள்ள பிள்ளைக்கு இவை சிறு தடைகள் அல்ல. மானேசரிலுள்ள தேசிய மூளை ஆராய்ச்சி மையம் இந்திய மொழிகளிலேயே டிஸ்லெக்சியாவைக் கண்டறியும் 'டாலி' என்ற கருவியை 2015-இல் வெளியிட்டது இத்தேவையை உணர்ந்துதான். எந்தச் சோதனைக்கும் முன்னர் செவியையும் கண்ணையும் பரிசோதிக்கவேண்டும் என்பது முதல் விதி. வியப்பு என்னவென்றால், அவசரத்தில் முதலில் விடுபடுவதும் அதுவே.

பெயர் கொலைக்கருவியான வரலாறும் உண்டு. அதை மறைப்பது நேர்மையாகாது. பாரிஸில் ஆல்ஃபிரட் பினே 1905-இல் அறிவுச் சோதனையை வகுத்தது, கூடுதல் உதவி தேவைப்படும் பிள்ளைகளை இனங்காணவே. அறிவு மாறாத அளவு என்பதை அவர் ஏற்கவில்லை. அவருடைய கருவி அமெரிக்கா சென்றதும் மனிதர்களைத் தரம் பிரித்து ஒதுக்கும் அளவுகோலாயிற்று. நாஜிகளின் ஆட்சியில் வியன்னாவின் ஷ்பீகல்குருண்ட் மருத்துவ நிலையத்தில் ஏறத்தாழ 800 குழந்தைகள் மடிந்தனர். ஆட்டிச ஆய்வில் புகழ்பெற்ற ஹான்ஸ் ஆஸ்பெர்கரே அங்குக் குழந்தைகளை அனுப்பிவைத்தார் என்பதை 2018-இல் வெளியான ஆவண ஆய்வு காட்டியது. ஆகவே முத்திரையைக் கண்டு அஞ்சும் தாயை அறியாமையுடையவள் என்று ஒதுக்கிவிட முடியாது. அவளுடைய அச்சத்திற்குக் காரணம் உண்டு. பெயர் எதற்காக என்று கேட்பது அவளுடைய உரிமை. உதவிக்காகவெனில் என்ன உதவி, எத்தனை மாதத்திற்கு, யார் செய்வது என்று அடுத்துக் கேட்கவேண்டும். இவற்றிற்கு விடை தராமல் பெயரை மட்டும் தந்தனுப்புபவர் தம் கடமையில் பாதியைத்தான் செய்திருக்கிறார்.

இனி வேதாந்தத்தின் பக்கம் வருவோம். எல்லாம் பிரம்மமாயிருக்க, குழந்தையைக் குறைபாடுடையது என்பது அஞ்ஞானமல்லவா என்று அன்பர்கள் சிலர் கேட்கிறார்கள். பிரம்மசூத்திர பாஷ்யத்தின் முன்னுரையில் ஆசாரிய சங்கரர் அத்யாசத்தை விளக்கும்போது, நான் ஊமை, நான் செவிடன், நான் குருடன் என்று இந்திரியங்களின் தன்மையை ஆன்மாவின்மேல் ஏற்றிக்கொள்வதை எடுத்துக்காட்டாகக் கூறுகிறார். அவர் மறுப்பது அந்த ஏற்றத்தை; கண்ணின் குறையை அல்ல. வியவகார உலகில் கண்ணுக்குக் குறை உண்டு, அதற்கு மருந்தும் உண்டு. பாரமார்த்திக உண்மையை வியவகாரத்தின் நடுவில் கொண்டுவந்து போட்டுக் கடமையைத் தட்டிக்கழிப்பவருக்காகவே குருதேவர் யானை நாராயணன் கதையைச் சொன்னார் போலும். மதம்பிடித்த யானை வருகிறது, விலகு என்று கத்திய பாகனும் நாராயணனே. சீடன் அந்தக் குரலை ஏன் கேட்கவில்லை? ஆசிரியையின் குரலும் மருத்துவரின் குரலும் பாகன் நாராயணனின் குரலாக இருக்கலாம் என்று பக்தர்களுக்கு ஏன் தோன்றுவதில்லை என்பது எனக்கு விளங்குவதில்லை.

கர்மக் கொள்கையைத் தவறான இடத்தில் நீட்டுவது இன்னும் கொடிது. "என்ன பாவம் செய்தீர்களோ!" என்ற ஒரு வாக்கியம் எத்தனை தாய்மாரின் உறக்கத்தைக் கெடுத்திருக்கிறது! கர்மக் கொள்கை அவரவர் தம் வாழ்வுக்குத் தாமே பொறுப்பேற்க வகுத்தது. பிறர் துன்பத்திற்குத் தீர்ப்புரைக்க வகுத்ததன்று. மேலைநாட்டிலும் இதன் மறுவடிவம் இருந்தது. தாயின் அன்பு உறைந்துபோனதால்தான் ஆட்டிசம் வருகிறது என்று இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் நிபுணர்களே சொன்னார்கள். அது பொய்யென்று பின்னர் தெளிவாயிற்று. மரபணுக்களின் பங்கே பெரிதென்று இன்று அறிகிறோம். பழியைத் தாயின்மேல் சுமத்துவதில் கிழக்கும் மேற்கும் ஒன்றுபட்டிருந்தன என்பது வருந்தத்தக்கது. அந்தப் பழியுணர்வைத்தான் போலிச் சிகிச்சைக்காரர்கள் காசாக்குகிறார்கள். ஆட்டிசத்திற்கு ஸ்டெம் செல் சிகிச்சை பரிந்துரைக்கத்தக்கதன்று என்று தேசிய மருத்துவ ஆணையத்தின் வாரியம் 2022-இல் அறிவித்த பின்னரும், கடன் வாங்கி அதை நாடும் பெற்றோர் உண்டு.

ஒரு தாய் வீட்டுக்கு வந்த மீனை ஒரு பிள்ளைக்குப் புலாவாகவும், வயிறு ஒத்துக்கொள்ளாத பிள்ளைக்கு வெறும் குழம்பாகவும் சமைப்பதைக் குருதேவர் சொல்வதுண்டு. அதிகாரி பேதத்தை விளக்க அவர் கூறியது அது. அந்தத் தாய்க்கு யாருடைய வயிறு எப்படிப்பட்டது என்று தெரிந்திருக்கிறது. தெரியாமல் சமமாகப் பரிமாறுவது அன்பாகாது. நரேந்திரபூரில் 1957 முதல் ராமகிருஷ்ண மிஷன் நடத்திவரும் பார்வையற்ற மாணவர் பள்ளியில், இன்னும் கூர்ந்து பார் என்று எந்த ஆசிரியரும் சொல்வதில்லை. பிரெயில் புத்தகத்தைக் கையில் தருகிறார். வாசிக்கத் தடுமாறும் பிள்ளையிடம் மட்டும், இன்னும் கவனமாகப் படி என்று ஆயிரம் முறை சொல்கிறோம். தடை வெளியில் தெரியவில்லை என்பதுதான் காரணம். டியூஷனுக்குமேல் டியூஷன் வைப்பது கொல்கத்தா நடுத்தரக் குடும்பங்களின் முதல் வைத்தியம்; சென்னையும் இதில் பின்தங்கியதன்று. புரியாத முறையிலேயே இருமடங்கு நேரம் கற்பித்தால் இருமடங்கு தோல்விதான் மிஞ்சும்.

யோகசூத்திரத்தில் பதஞ்சலி காட்டும் உழவன் இங்கே நினைவுக்கு வருகிறான். அவன் நீரை உண்டாக்குவதில்லை; வரப்பில் மடையைத் திறக்கிறான், நீர் தானே பாய்கிறது. கல்வி பற்றிய சுவாமிஜியின் கருத்துக்கும் இதுவே அடித்தளம். ஆனால் மடை எங்கே அடைபட்டிருக்கிறது என்று அறியாமல் வரப்பு முழுவதையும் வெட்டினால் வயல் பாழாகும். நோயறிதல் என்பது அடைப்பு இருக்குமிடத்தைத் தேடும் வேலை. அடைப்பு எழுத்தையும் ஒலியையும் இணைப்பதிலா, எண்களின் அளவுணர்விலா, கவனத்தை நிறுத்துவதிலா, பிறர் முகக்குறிப்பைப் படிப்பதிலா என்று பிரித்தறிந்த பின்னரே கற்பிக்கும் முறையை மாற்ற முடியும். ஒலிகளைப் பிரித்துக் கேட்கப் பழக்குவது, சிறு படிகளாக மீள மீளக் கற்பிப்பது, தேர்வில் கூடுதல் நேரமும் எழுதித்தருபவரும் அளிப்பது ஆகியவையெல்லாம் இதற்குப் பிறகு வருபவை. டிஸ்லெக்சியா முற்றிலும் நீங்கிவிடும் என்று வாக்களிப்பது தவறு. உரிய பயிற்சியால் வாசிப்பு வளர்கிறது என்பதும், பிள்ளை தன்னைப் பற்றிக் கொண்டிருந்த தாழ்ந்த எண்ணம் அகல்கிறது என்பதும் உண்மை.

குழந்தையிடம் இதைச் சொல்லலாமா என்று பெற்றோர் தயங்குகிறார்கள். எட்டு, ஒன்பது வயதுப் பிள்ளையிடம் சொல்லவேண்டும் என்பதே என் எண்ணம். ஏனெனில் தன்னிடம் ஏதோ சரியில்லை என்பது அவனுக்கு நமக்கு முன்பே தெரியும். அது என்னவென்றுதான் தெரியாது. நாம் மறைத்தால், வெளியே சொல்லக்கூடாத அளவுக்கு வெட்கத்துக்குரிய ஏதோ ஒன்று என்று அவன் முடிவு செய்துகொள்வான். சொல்லும்போது வாக்கியத்தைக் கவனிக்கவேண்டும். 'நீ இப்படிப்பட்டவன்' என்று தொடங்கினால் உபாதியை அவன்மேல் ஏற்றிவிடுகிறோம். 'எழுத்தைப் பார்த்து ஒலியைப் பிடிக்க உன் மூளைக்குக் கொஞ்சம் அதிக நேரம் ஆகிறது. அதற்கு ஒரு பெயர் இருக்கிறது. இதே தடையுள்ள பிள்ளைகள் உன் பள்ளியிலேயே இன்னும் சிலர் இருப்பார்கள். திங்கட்கிழமையிலிருந்து வேறு விதமாகப் படிக்கப்போகிறோம்' என்று சொல்லலாம். இதை அப்பாவும் உடனிருந்து சொல்லவேண்டும். அம்மா தனியே அறைக்குள் அழைத்துக் குரல் தாழ்த்திச் சொன்னால், சொற்கள் எவ்வளவு நல்லவையாக இருந்தாலும் பிள்ளை அந்தத் தாழ்ந்த குரலைத்தான் கேட்கும்.